பாலாற்றைக் கடந்த கோழி

எங்கள் ஊரில் ஒரே ஒரு சிறுவர் நூலை எழுதி, அதனாலேயே மூன்று தலைமுறைப் பிள்ளைகளுக்குத் தெரிந்தவரான ஒரு டீச்சரம்மா இருக்கிறார். பாலாற்றின் அக்கரையில் கருவேல முள்ளைத் தவிர ஒன்றும் இல்லாத காலத்தில், தோல் பதனிடப் புதிதாக ஆரம்பிக்கப்பட்ட தோல் ஷாப்பில் வேலை செய்வதற்காக ஏழு குடும்பங்கள் அங்கே போய்க் குடியேறின. அந்த ஏழில் ஒன்று அவருடையது. நூல் அந்தக் கதைதான்.

வெளிநாட்டுச் சிறுவர் நூல்களில் குடும்பம் காட்டுக்குள் குடியேறினால் கரடி வரும், பனி கொட்டும். இந்த நூலில் முள் குத்தும், தொட்டியில் ஊறும் தோலின் நாற்றம் வரும். பிள்ளைகளுக்கு இரண்டும் ஒன்றுதான். அவர்கள் மனப்பாடமாகச் சொல்லும் இடம் முதல் அத்தியாயம். நான்கு வயதுச் சிறுமி, தோலுக்குப் போடும் ஆவாரம்பட்டை மூட்டைகளின் மேல் உட்கார்ந்து, மடியில் ஒரு கோழியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, அச்சுவரை தண்ணீர் ஓடும் பாலாற்றை மாட்டுவண்டியில் கடக்கிறாள். அந்தச் சிறுமிதான் டீச்சரம்மா. நூலின் முதல் பக்கத்தில் ஒரே வரி: "இது முழுக்க முழுக்க நடந்த கதை."

இன்றைய பிள்ளைகள் அந்த வரியைத்தான் சந்தேகிக்கிறார்கள். கோழியை நம்புகிறார்கள். அவர்கள் மணலாகவே பார்த்த பாலாற்றில் தண்ணீர் ஓடியதை நம்புவதில்லை.

சென்ற ஆண்டு நூலுக்குப் புதிய பதிப்பு ஏற்பாடானது. டீச்சரம்மாவுக்குப் பார்வை மங்கிவிட்டது. தான் பார்க்கப்போகும் கடைசிப் பதிப்பு இதுதான் என்று அவரே சொன்னார். பின்னிணைப்பாக ஒரு காலவரிசை இருந்தால் நன்றாக இருக்கும் என்று பதிப்பாளர் என்னிடம் கேட்டார். கேட்காவிட்டாலும் செய்திருப்பேன். ஷூ கம்பெனி ஒன்றில் ஏற்றுமதிப் பிரிவில் வேலை பார்த்தவன் நான். பெட்டியின்மேல் தேதி ஒரு நாள் தவறினால் சரக்கு துறைமுகத்தில் நின்றுவிடும். ஓய்வு பெற்ற பிறகு ஊரின் தேதிகளை நோட்டுகளில் எழுதி வருகிறேன். எந்த மசூதிக்கு எப்போது மினார் எழும்பியது, எந்தத் தெருவுக்கு எப்போது மின்சாரம் வந்தது என்றெல்லாம். யாரும் கேட்பதில்லை என்பதால் பிழைகளும் வெளியே தெரிவதில்லை.

இரண்டே ஆவணங்கள் போதுமாக இருந்தன. பழைய தோல் ஷாப்பின் சுவரில் அது தொடங்கிய ஆண்டைச் செதுக்கிய கல் இன்னும் இருக்கிறது. ஷாப்பின் முதல் தொட்டியில் நீர் விட்டதற்கு ஒரு வாரம் முன்புதான் வண்டி ஆற்றைக் கடந்தது என்று நூலே சொல்கிறது. அடுத்தது, டீச்சரம்மாவே எடுத்துக் கொடுத்த பள்ளிச் சான்றிதழ். இரண்டையும் பக்கத்தில் வைத்துக் கழித்துப் பார்த்தேன். வண்டி ஆற்றைக் கடந்து இரண்டு ஆண்டுகள் கழித்துத்தான் டீச்சரம்மா பிறந்திருக்கிறார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் அவர் வீட்டுக்குப் போனேன். கையில் நோட்டும், மனத்தில் ஒரு மருத்துவருக்கு இருக்க வேண்டிய அளவு இரக்கமும் இருந்தன. டீச்சரம்மா நாற்காலியில் இருந்தார். சற்றுத் தள்ளி அவருடைய அக்கா, வீட்டில் எல்லோருக்கும் 'ஆபா', முறத்தில் அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தார். தங்கையைவிடப் பத்து வயதாவது மூத்தவர். ஆனால் கண் அவருக்குத்தான் நன்றாகத் தெரிகிறது.

"டீச்சரம்மா, முதல் பக்கத்துல இருக்கிற வரிய எடுத்துடலாம்னு தோணுது" என்றேன்.

"ஏன் சார்?"

"வண்டி வந்தப்போ நீங்க பொறக்கவே இல்ல."

டீச்சரம்மா மெல்லச் சொன்னார். "பசங்க ஒவ்வொருத்தரும் என்கிட்ட அதத்தான் கேட்டாங்க சார். நெஜமா டீச்சர், நெஜமா டீச்சர்னு. நெஜம்தான்னு எல்லார்கிட்டயும் சொல்லியிருக்கேன். இப்ப அத எடுத்துட்டா, அத்தன பேர்கிட்டயும் பொய் சொன்னவளா ஆய்டுவேன்."

நான் சான்றிதழை நீட்டினேன். அவரால் படிக்க முடியாது என்பது நீட்டிய பிறகுதான் நினைவுக்கு வந்தது.

"இன்னா தம்பி அது காயிதம்?" என்றார் ஆபா.

"உங்க தங்கச்சி பொறந்த தேதி."

"அதுவா. அது எட்மாஸ்டர் போட்ட தேதி." முறத்தைக் கீழே வைத்தார். "இவள ஸ்கூல்ல சேக்க நான்தான் கூட்டிம்போனேன். அக்கரைல ஸ்கூலே இல்ல, ஸ்கூல் வந்தப்போ இவளுக்கு எட்டு வயசு. தலைக்கு மேல கையக் கொண்டுபோய் அந்தப் பக்கத்துக் காதத் தொடுன்னாரு. இவ காது இன்னா, தோளையே தொட்டா. ஒண்ணாங்கிளாஸ்ல சேக்க அஞ்சு வயசுதான் போடணும், மூணு வருஷம் கம்மி பண்ணிடலாம்னாரு. பின்னாடி உத்தியோகத்துக்குப் போனா மூணு வருஷம் ஜாஸ்தி செய்யலாம்னும் சொன்னாரு."

"செஞ்சேனே. முட்டி வலியோட செஞ்சேன்" என்றார் டீச்சரம்மா.

அதே தலைமையாசிரியர்தான் என்னையும் பிற்காலத்தில் பள்ளியில் சேர்த்தவர். நான் ஐப்பசி அடைமழையில் பிறந்தவன் என்று அம்மா சொல்லக் கேட்டிருக்கிறேன். என் சான்றிதழ் கோடையில் பிறந்ததாகச் சொல்கிறது. என் வகுப்பில் பதினோரு பேர் அதே தேதியில் பிறந்தவர்கள். அது அவருக்குப் பிடித்த தேதி. இவ்வளவும் தெரிந்திருந்தும், அவருடைய கையெழுத்தைக் கல்வெட்டாக நினைத்துக் கழித்தல் கணக்குப் போட்டிருக்கிறேன்.

மூன்று ஆண்டுகளைத் திருப்பிக் கொடுத்து மறுபடியும் கணக்கிட்டேன். "அப்படின்னா வண்டில டீச்சரம்மா இருந்திருக்காங்க. ஒரு வயசு."

"இருந்தா" என்றார் ஆபா. "என் தோள்ல தூங்கிக்கினு இருந்தா. கோழி என் மடில இருந்துச்சு."

டீச்சரம்மா நிமிர்ந்தார். "உன் மடிலயா?"

"ஒரு வயசுக் கொழந்த மடில கோழி நிக்குமா? கையெல்லாம் கீறிச்சு. ஆத்தத் தாண்டறவரைக்கும் ஒரே பேஜாரு. அதத்தானே உனக்கு டெய்லி சோறு ஊட்டறப்போ சொன்னேன்."

நூலில் ஆபா இல்லை. முதல் பதிப்பிலிருந்தே இல்லை. அந்தச் சிறுமி வீட்டின் ஒரே பிள்ளை. அதை நான் சொல்லவில்லை. சொல்ல வேண்டியிருக்கவும் இல்லை.

"ஏன் ஆபா இத்தன வருஷம் சொல்லல? ரெண்டு தடவ படிச்சுக் காட்டினேனே" என்றார் டீச்சரம்மா.

"நல்லா இருந்துச்சு, கேட்டேன். நீ எழுதினப்புறந்தான் எனக்கே அது பெரிய விஷயமாத் தெரிஞ்சுது. அப்போ இன்னா, முள்ளு, நாத்தம், பசி." ஆபா மறுபடியும் முறத்தை எடுத்துக்கொண்டார். "அந்த வரி இருக்கட்டும் தம்பி. கோழிய மட்டும் என்கிட்ட குடுக்கச் சொல்லு."

டீச்சரம்மா உடனே சம்மதித்துவிடவில்லை. பிள்ளைகளுக்கு மனப்பாடமான அத்தியாயம், வேறு வேலை இல்லையா என்று இரண்டு வாரம் முணுமுணுத்தார். பிறகு ஒரு நாள் என்னை அழைத்து, அவர் சொல்லச் சொல்ல என்னை எழுத வைத்தார். வண்டியில் ஒரு அக்கா ஏறினாள். கோழி மடி மாறியது. சிறுமியின் வயது குறைந்தது, அவள் தூங்கிப்போனாள். முதல் பக்கத்து வரியில் ஒரு சொல்கூட மாறவில்லை. காலவரிசையை நான் கொடுக்கவில்லை. கேட்டிருந்த பதிப்பாளரும் மறந்துவிட்டார்.

புதிய பதிப்பு வந்ததும் பள்ளியில் ஒரு கூட்டம் நடந்தது. முன்வரிசையில் பழைய பதிப்பை வைத்திருந்த ஒரு சிறுமி எழுந்தாள்.

"டீச்சர், கோழி ஏன் அக்கா மடிக்குப் போச்சு?"

"அதுதான்மா நெஜம்."

"அப்ப இது?" என்று பழைய புத்தகத்தைத் தூக்கிக் காட்டினாள்.

டீச்சரம்மா நான் உட்கார்ந்திருந்த பக்கம் முகத்தைத் திருப்பினார். "அதோ, தேதியெல்லாம் பாத்து வெச்சிருக்கிற சார் இருக்காரு. அவரக் கேளு."

எழுந்தேன். "அப்போ டீச்சருக்கு ஒரு வயசுதான்மா. அவங்களுக்கு அது ஞாபகம் இருக்காது."

"உங்களுக்கு எப்படி சார் தெரியும்? அதுல எழுதியிருக்கா?" என் கையிலிருந்த நோட்டைக் காட்டிக் கேட்டாள்.

நோட்டில் கல் சொன்ன ஆண்டு இருந்தது. சான்றிதழ் சொன்ன தேதி இருந்தது, அடித்து, மறுபடியும் எழுதி, மறுபடியும் அடித்து.

"இல்லம்மா" என்றேன். "அவங்க அக்கா சொன்னாங்க."

சிறுமி திருப்தியாக உட்கார்ந்தாள். பிறகு மறுபடியும் எழுந்து, பாலாற்றில் தண்ணீர் ஓடியதையும் அந்த அக்காதான் சொன்னாரா என்று கேட்டாள்.