தேவசகாயம் அங்கிள் ஏன் கைதட்டவில்லை?

போன வாரம் ஒரு போன். தாம்பரத்தில் எங்கள் சர்ச்சின் கொயர் மாஸ்டர் தேவசகாயம் அங்கிள்.

"தம்பி, ஞாயித்துக்கிழமை ஆராதனை முடிஞ்சதும் எனக்கு ரிடயர்மென்ட் டீ பார்ட்டி. உங்க அந்தக் குதிக்கிற பாட்டு... அதை ஒரு தடவை வாசிக்க முடியுமா? ஜெபராஜ்கிட்ட நீயே சொல்லிடு."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. காரணம் இருக்கிறது.

பதினோரு வருடத்துக்கு முன்னால் நானும் அங்கிளின் மகன் ஜெபராஜும் ஒரு ஸ்கா பேண்டு நடத்தினோம். ஆமாம், ஸ்கா! ஜமைக்காவில் பிறந்த துள்ளல் இசை. அதில் இயேசுவைப் பாடினோம். நீங்கள் 'ஒண்ணு, ரெண்டு' என்று தாளம் போட்டால் கிடார் அதில் விழாது. இரண்டுக்கும் நடுவே 'சக்... சக்' என்று விழும். கிடார் நான். டிரம்பெட் ஜெபராஜ். டிரம்ஸ்காரனுக்கு மறைமலை நகர் ஃபேக்டரியில் வேலை — ஆகவே எங்கள் ரிகர்சலும் அவன் ஷிஃப்ட்படிதான்.

டிராம்போனுக்கு ஆள்? கல்யாணத்துக்கும் சாவுக்கும் வாசிக்கும் பெருங்களத்தூர் பேண்டிலிருந்து முருகன் அண்ணனைப் பிடித்து வந்தோம். முதல் நாள் கேட்டுவிட்டுச் சொன்னார்: "இன்னாபா இது... கல்யாணத்துக்கும் சேராது, சாவுக்கும் சேராது. ஆனா சோக்கா கீது!" எங்களுக்குக் கிடைத்த ஒரே விமர்சனம் அதுதான்.

மொத்தம் நான்கே நிகழ்ச்சிகள். நான்கிலும் ஒரே வில்லன் — கைதட்டல். நம் சபைகளில் பாட்டு ஆரம்பித்தாலே கை தன்னால் தட்டும். அதுவும் தாளத்தின் தலையிலேயே. சபையே ஒரு பக்கம் இழுத்தால், பாவம், டிரம்ஸ்காரன் என்ன செய்வான்? கூடவே போய்விடுவான். இரண்டாவது சரணத்துக்குள் ஸ்கா காணாமல் போய், எல்லோருக்கும் தெரிந்த ஞாயிற்றுக்கிழமைப் பாட்டு வந்துவிடும்.

நான்காவது நிகழ்ச்சி எங்கள் சர்ச்சிலேயே. அன்று ஜெபராஜ் பார்த்ததெல்லாம் முதல் வரிசையில் இருந்த ஒருவரை மட்டும்தான். சபையே தப்புத் தப்பாகத் தட்டுகிறது. அப்பா மட்டும் இரண்டு கைகளையும் மடியில் வைத்துக்கொண்டு, அசையாமல் உட்கார்ந்திருந்தார்.

"அப்பாவுக்கே பிடிக்கல மச்சான். அப்புறம் யாருக்கு வாசிக்கிறது?" என்று டிரம்பெட்டைப் பெட்டியில் வைத்து மூடினான். பேண்டு அதோடு முடிந்தது. அதைப் பற்றி அவனும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. இத்தனைக்கும் ஒரே வீடு, ஒரே டைனிங் டேபிள். வீட்டுக்கு வீடு வாசப்படி... இல்லையா?

ஞாயிற்றுக்கிழமை ஜெபராஜ் வந்தான். நாவலூர் ஆபீஸ் கொடுத்த தொப்பையும் கூட வந்தது. முகத்தில் ஈயாடவில்லை.

"மறுபடியும் அதே மாதிரி உட்கார்ந்தார்னா, பாதியிலேயே இறங்கிடுவேன்டா."

முருகன் அண்ணன் மட்டும் உற்சாகமாக டிராம்போனைத் துடைத்துக்கொண்டிருந்தார். அவருக்கென்ன!

ஆரம்பித்தோம். சபை வழக்கம்போல் தப்பாகத் தட்டியது. டிரம்ஸ் வழக்கம்போல் தடுமாறியது. அப்போதுதான் முதல் வரிசையிலிருந்து அது கேட்டது. சக்... சக்... நடுவில். மிகச் சரியாக நடுவில்! தேவசகாயம் அங்கிள் கண்ணை இறுக்க மூடி, உதட்டுக்குள் எதையோ எண்ணிக்கொண்டு தட்டிக்கொண்டிருந்தார். டிரம்ஸ்காரன் சபையை விட்டுவிட்டு அவரைப் பிடித்துக்கொண்டான்.

பாட்டு முடிந்தது. ஜெபராஜ் கேட்டேவிட்டான்.

"அன்னிக்கு ஏம்ப்பா தட்டல? பிடிக்கலையா?"

"பிடிக்காம என்னடா! எனக்கு வரல. அடி எங்க விழுதுன்னே புரியல. கொயர் மாஸ்டர் நானே தப்பா தட்டி உன் பாட்டைக் கெடுக்கவா? வீட்ல வந்து தட்டிப் பார்த்தேன், வரவேயில்ல. இப்பதான் பிடிபட்டுச்சு."

பதினோரு வருடம்! ஆன்ட்டி சாட்சிக்கு வந்தார். "இவர் பாத்ரூம் போனா தண்ணி சத்தம் கேக்காது. கைதட்ற சத்தம்தான் கேக்கும்."

பிள்ளைகள் முன்னால் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் அப்பாக்களில் எத்தனை பேருக்கு உண்மையில் பிடிக்கவில்லை, எத்தனை பேருக்கு இன்னும் தாளம் பிடிபடவில்லை? ஒரு வார்த்தை கேட்டிருந்தால் எங்களுக்கு ஐந்தாவது நிகழ்ச்சி இருந்திருக்கும்.

ஜெபராஜ் பெட்டியில் வைத்த டிரம்பெட்டை மறுபடியும் வெளியே எடுத்தான்.

இன்னொரு தடவை வாசித்தோம். அங்கிள் பிசகாமல் தட்டினார். அவர் கைகளையே பார்த்துக்கொண்டிருந்ததில், அன்று தாளம் தப்பியது கிடார்காரனுக்குத்தான்!