உயிரோடு இருந்தவனுக்கு ஒன்பது நாள் செபம்

ரெமேதியோஸ் அக்கா எதையும் மூன்று முறை பார்ப்பாள். அடுப்பை அணைத்தபின் மூன்று முறை, கோழிக்கூண்டைச் சாத்தியபின் மூன்று முறை. துக்க வீட்டிலும் அப்படித்தான். "முழுப் பேரு என்ன? அம்மா வழிப் பேரு? போயிட்டது நிச்சயம்தானே?" என்று கேட்பாள். பிணத்தை நடுவீட்டில் கிடத்தியிருக்கும்போது இந்தக் கடைசிக் கேள்வியைக் கேட்டு, ஓரிரு வீடுகளில் சண்டையே வந்திருக்கிறது.

குவாம் தீவின் தெற்குக் கரையில் எங்கள் ஊருக்கு அவள்தான் தேச்சா. யார் இறந்தாலும் ஒன்பது நாள் செபமாலையை முன்னிருந்து சொல்பவள். புத்தகம் கிடையாது, எல்லாம் மனப்பாடம். அந்த மனப்பாடத்தில் ஒரே ஒரு தடவை அவள் தவறியிருக்கிறாள். பத்தொன்பது வயதில், கல்லறைத் திருநாளன்று, ஊரில் இறந்தவர்களின் பெயர்களை வரிசையாகச் சொல்லிக்கொண்டு போனவள், படுக்கையில் கிடந்த தன் பெரிய அத்தையின் பெயரையும் சேர்த்துச் சொல்லிவிட்டாள். மூன்றாம் நாள் அத்தை போய்விட்டாள். "எண்பது வயசு, இன்னும் எத்தனை நாள் இருந்திருக்கப் போறா?" என்று ஊர் அதை விட்டுவிட்டது. அக்கா விடவில்லை. உயிரோடு இருப்பவரின் பெயரை இறந்தவர் செபத்தில் சொன்னால் அது அவரை இழுத்துக்கொண்டு போய்விடும் என்று எங்களில் எல்லோரும் அரைகுறையாக நம்புவதை, அவள் முழுதாக நம்பினாள்.

அப்படிப்பட்டவளிடம்தான் ஓலிவா வந்தாள். ஜப்பான்காரர்கள் தீவைப் பிடித்து மூன்றாவது வருஷம், மார்ச் மாதம். ஓலிவாவின் கணவன் கோரியோ, ஒளித்துவைத்த வானொலியில் அமெரிக்கச் செய்தி கேட்டு ஊருக்குச் சொல்கிறான் என்று யாரோ காட்டிக்கொடுத்துவிட்டார்கள். பிடிபட்டால் தலை போகும். அவன் சுண்ணாம்புக்கல் குன்றில் ஒரு குகையில் ஒளிந்திருந்தான். அவன் கிடைக்காத கோபத்தில் ஓலிவாவின் தம்பி எலியாஸை வாரம் ஒரு முறை கூட்டிக்கொண்டு போய் அடித்தார்கள்.

"என் முதுகைப் பூட்டின கதவுன்னு நெனச்சுட்டானுங்க அக்கா. தட்டித் தட்டிப் பாக்குறானுங்க, மச்சான் உள்ளேருந்து வருவாரான்னு" என்றான் எலியாஸ், பார்க்க வந்த ரெமேதியோஸ் அக்காவிடம், குப்புறப் படுத்தபடி.

ஓலிவா சொன்ன யோசனை இதுதான். கோரியோவின் படகு பவளத்திட்டுக்கு வெளியே கவிழ்ந்து கிடந்தது என்று ஊரே அழுது சொல்லும். உடல் கிடைக்கவில்லை, கடலில் போனவனுக்கு உடல் எதற்கு? ஒன்பது நாள் செபம் வைத்தால் அவர்கள் தேடுவதை விட்டுவிடுவார்கள்.

"நீங்க மட்டும் சொல்லணும் அக்கா."

"ஓலிவா, உன் புருஷனை நானே கொல்லணுங்கிறியா?"

"நீங்க சொல்லலேன்னா அவனுங்க கொல்லுவானுங்க. எலியாஸையும் சேத்து."

அக்கா இரண்டு நாள் சாப்பிடவில்லை. பிறகு ஒரு நிபந்தனை போட்டாள். எல்லாச் செபமும் சொல்வாள், கோரியோவின் பெயரை மட்டும் சொல்லமாட்டாள். அந்த இடம் வரும்போது ஓலிவா வாய்விட்டு அழ வேண்டும். அந்தச் சத்தத்துக்குள், இருபது வருஷத்துக்கு முன்பு இறந்த தன் அப்பா அகுஸ்தீனின் பெயரை அக்கா மெதுவாகச் சொல்லிவிடுவாள்.

தினமும் நடுப்பகலில் செபம். ஊர் வந்தது. அரிசி இல்லாததால் சீமைப்பலாவை வேகவைத்துத் தேங்காய்ப்பாலில் போட்டுக் கொடுத்தார்கள். ஓலிவா அழுத அழுகையில் அவளுக்குத் தொண்டை கட்டிவிட்டது. "போகப் போக நெஜமாவே அழுகை வருது அக்கா" என்றாள். "வாயை மூடு" என்றாள் அக்கா. அவளுக்கு அது பிடிக்கவில்லை.

இப்படி எட்டு நாள். ஒன்பதாம் நாள், மன்றாட்டுமாலை பாதியில் இருக்கும்போது, செகுந்தோ படியேறி வந்தான்.

செகுந்தோ, சைப்பான் தீவிலிருந்து ஜப்பான்காரர்கள் மொழிபெயர்க்கக் கூட்டிவந்த துபாசி. நம் மொழி, நம் கோயில், நம் செபம். அதனால்தான் அவனைக் கண்டு இன்னும் அதிகப் பயம். ஜப்பான் அதிகாரிக்குத் தெரியாததெல்லாம் இவனுக்குத் தெரியும். எலியாஸை அடித்த பிரம்பு பல நாள் இவன் கையில்தான் இருந்தது. அதிகாரி வெளியே மரத்தடியில் நின்றுகொண்டார். இவன் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து, ஓலிவாவுக்குப் பக்கத்தில் பாயில் உட்கார்ந்து, சட்டைப் பையிலிருந்து தேய்ந்துபோன மர செபமாலையை எடுத்தான்.

பெயர் சொல்லும் இடம் வந்தது. ஓலிவா வாயைத் திறந்தாள்.

"கொஞ்சம் பொறும்மா" என்றான் செகுந்தோ. "பேரைக் கேட்டுட்டு அழு."

எலியாஸ் தரையைப் பார்த்தான். அக்காவின் விரல் ஒரே மணியை உருட்டிக்கொண்டிருந்தது. அப்பாவின் பெயரைச் சொன்னால் இன்றைக்கே கோரியோவைத் தேடிக் குன்றுக்குப் போவார்கள். கோரியோவின் பெயரைச் சொன்னால்?

"கிரெகோரியோ மேசா நபுத்தி" என்றாள். "அவருடைய ஆன்மாவுக்கு, ஆண்டவரே, நித்திய இளைப்பாற்றி தாரும்."

முதலில் பதில் சொன்னவன் செகுந்தோதான். வெளியே மரத்தடி வரைக்கும் கேட்கும்படி சொன்னான்.

செபம் முடிந்ததும் கொடுத்ததைச் சாப்பிட்டான். இலையை அக்காவிடமே கொண்டுவந்து கொடுத்தான்.

"எட்டு நாளா பின்னாடி வாழைத்தோட்டத்துல நின்னு கேட்டேன் அக்கா. அகுஸ்தீன்ங்கிறது யாரு, உங்க அப்பாவா?"

அக்காவின் கையிலிருந்து இலை விழுந்தது.

"எங்கம்மாவும் தேச்சாதான். பேரை முழுங்கினா எனக்குத் தெரியாதா?" குனிந்து இலையை எடுத்தான். "உயிரோட இருக்கிறவன் பேரை எங்காளுங்க இதுல சொல்லவே மாட்டாங்கன்னு வெளியே நிக்கிற அந்த ஆளுகிட்டே நான்தான் சொல்லிவெச்சிருக்கேன். பேரைச் சொன்னாங்களான்னு இப்போ கேப்பான். ஆமான்னு சொல்லணும். நான் என்னென்னவோ பண்ணியிருக்கேன், செபத்து மேல மட்டும் பொய் சொன்னதில்ல."

அதோடு போய்விட்டான். எலியாஸை அதன்பிறகு யாரும் கூப்பிடவில்லை.

ஆனால் அக்காவுக்கு அன்றிலிருந்துதான் ஆரம்பித்தது. மூன்று நாளுக்கு ஒரு தடவை ஓலிவா விறகு பொறுக்கப் போகிற மாதிரி குகைக்குச் சாப்பாடு கொண்டுபோவாள். திரும்பும் வழியில் அக்கா நிற்பாள். "மூச்சு இருக்கா? நல்லாப் பாத்தியா? எழுந்து உக்காந்தானா?"

ஜூலையில் துப்பாக்கி முனையில் ஊரையே காட்டுக்குள் முகாமுக்கு ஓட்டிக்கொண்டு போனார்கள். குகைக்குச் சாப்பாடு நின்றது. பிறகு அமெரிக்கக் கப்பல்கள் வந்தன. குகை இருந்த குன்றின்மேல் நாள்கணக்கில் குண்டு விழுந்தது. அமெரிக்கர்கள் இறங்கி, எங்களைக் கூடாரங்களுக்கு மாற்றி, டப்பா இறைச்சி கொடுத்தபோதும் கோரியோ வரவில்லை. ஒரு வாரம், இரண்டு, மூன்று. ஓலிவா அக்காவின் முகத்தைப் பார்ப்பதை நிறுத்திவிட்டாள். அக்கா யாருக்கும் செபம் சொல்ல மறுத்துவிட்டாள். அந்த நாட்களில் செபத்துக்குத்தான் எவ்வளவு தேவை இருந்தது!

நான்காவது வாரம் சாப்பாட்டு வரிசையில் எலியாஸ் கத்தினான். "ஐயோ, செத்தவன் தட்டைத் தூக்கிட்டு வந்துட்டான்!"

தாடியும் எலும்புமாகக் கோரியோ நின்றான். ஓலிவா அவன்மேல் விழுந்து அடித்தாளா அணைத்தாளா, இரண்டுமா, தெரியாது. அவளைத் தாண்டி அவன் அக்காவைப் பார்த்தான்.

"எம்பேர்ல ஒம்போது நாள் விருந்து சாப்பிட்டீங்களாமே அக்கா, எனக்கு ஒரு பங்கு வெச்சீங்களா?"

அக்கா சிரிக்கவில்லை. அவன் மணிக்கட்டைப் பிடித்துப் பார்த்தாள். "காய்ச்சல் வந்துச்சா?"

"வந்துச்சு. சாப்பாடு நின்னுதே, அந்த மாசம்தான். பத்து நாள். அவ்வளவுதான், போயிட்டேன்னே நெனச்சேன்."

அவன் அதைச் சும்மாதான் சொன்னான். அக்கா அந்த இடத்திலேயே உட்கார்ந்துவிட்டாள்.

மறு வருஷம் அமெரிக்கர்களின் போர்க்குற்ற விசாரணை. செகுந்தோ முள்கம்பிக்குள் இருந்தான். அக்காவைச் சாட்சிக்குக் கூப்பிட்டார்கள். எலியாஸை அடித்ததைப் பார்த்தீர்களா என்றார்கள். பார்த்தேன் என்றாள். உங்களுக்கு ஏதாவது செய்தானா?

"என்னைப் பேரைச் சொல்ல வெச்சான்."

எழுத்தர் விறுவிறுவென்று தட்டச்சு செய்தார். வழிபாட்டுக்குள் புகுந்து மிரட்டினான் என்று இன்னொரு குற்றம்.

"இல்லய்யா, அது நல்லதுக்கு. அவன் சொல்ல வெக்கலேன்னா கோரியோ இன்னைக்கு இல்ல."

"உயிரோடு இருப்பவனுக்குச் சாவுச் செபம் சொல்ல வைத்தது நல்லதா?" என்று அதிகாரி கேட்டதை எழுத்தர் எங்கள் மொழியில் சொன்னார்.

"நல்லதில்ல. பெரிய பாவம். ஆனா நல்லதுக்கு."

அதிகாரி எழுத்தரைப் பார்த்தார். எழுத்தர் தோளைக் குலுக்கினார். தாளைத் திருப்பி அவள் முன்னால் வைத்தார்கள். மேலே செகுந்தோவின் முழுப் பெயர். அவள் பேனாவைத் தொடவில்லை.

"தலை போகுமா?"

"அது எனக்குத் தெரியாதும்மா. கையெழுத்துப் போடுங்க."

அத்தை, கோரியோ, இப்போது இவன். தான் சொன்னதையும் சேர்த்து எழுதினால்தான் கையெழுத்து என்று அக்கா உட்கார்ந்துவிட்டாள். மதியச் சாப்பாட்டு மணி அடித்தும் எழவில்லை. கடைசியில் எழுத்தர் ஒரு வரி சேர்த்தார்: அது நன்மைக்கே செய்யப்பட்டது என்று சாட்சி நினைக்கிறாள். அதை மூன்று முறை படிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டுக் கையெழுத்துப் போட்டாள்.

செகுந்தோவுக்குச் சில வருஷங்கள் கடும் உழைப்புத் தண்டனை. அந்த வரியை யாராவது படித்தார்களா என்று யாருக்கும் தெரியாது. தண்டனை முடிந்து சைப்பானுக்கு அனுப்பிவிட்டார்கள் என்று கேள்வி.

கோரியோ தினமும் காலையில் தோட்டத்துக்குப் போகும்போது அக்கா வீட்டு வேலியோரம் நின்று, "இன்னைக்கும் இருக்கேன் அக்கா!" என்று கத்திவிட்டுப் போவான். அவள் சாகும்வரை, இருபத்தாறு வருஷம், மழையிலும் கத்தினான். செகுந்தோவுக்காக அப்படிக் கத்த யாரும் இல்லை. அதனால் சைப்பானிலிருந்து கப்பல் வரும் நாளெல்லாம் அக்கா பேருந்து பிடித்துத் துறைமுகத்துக்குப் போய், இறங்குகிறவர்களை வழிமறித்து நிற்பாள்.

"செகுந்தோவைத் தெரியுமா? கடைசியா எப்போ பாத்தீங்க? நடமாடிட்டுத்தானே இருந்தான்? நிச்சயம்தானே?"