கரையில் நின்று அனுமதி கேட்ட மிருகம்

இதை எழுதும் தகுதி எனக்கு இருக்கிறதா என்று தெரியவில்லை. பத்மா அக்காவை என்னைவிட நீண்ட காலம் அறிந்தவர்கள், நம் தமிழ்ப் பள்ளிப் பெற்றோர்களும் ஆசிரியர்களுமான உங்களில் பலர். நானோ கூட்டங்களில் பெயர் சொல்லி எழுப்பினால்கூடத் தலையாட்டிவிட்டு உட்கார்ந்துவிடுபவள். முதலில் அதைப் பொறுத்துக்கொள்ளுங்கள். கடைசியில் உங்களிடம் ஒன்று கேட்க வேண்டியிருக்கிறது. அதற்கான துணிவு வரட்டும் என்றுதான் இவ்வளவும் எழுதுகிறேன்.

செய்தி வந்தபோது நான் வேலையில் இருந்தேன். தண்ணீர் சோதிக்கும் ஆய்வுகூடத்தில், கையுறையைக் கழற்றாமலே தொலைபேசியை எடுத்தேன். அக்காவின் கணவர் ராசன் அண்ணா. "பிள்ளை, அக்கா காலமை போயிட்டா" என்றார். இருதயச் சத்திரசிகிச்சை முடிந்து வீட்டுக்கு வந்துவிடுவார் என்றுதான் எல்லோரும் நம்பியிருந்தோம். பிறகு அண்ணா, வேறு என்ன சொல்வதென்று தெரியாதவர் போல, "உங்கட பிஸ்கட் தகரம் இஞ்ச கடையிலதான் கிடக்குது. வந்து எடுங்கோ" என்றார்.

அந்தத் தகரத்தின் கதை தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். நாம் குடியேறிய இந்த நகரத்தின் ஏவன்டேல் பகுதியில் அக்காவும் அண்ணாவும் நடத்திய டெய்ரியில், அதாவது தெருமுனைப் பலசரக்குக் கடையில், பாலும் பாண் ரொட்டியும் விற்றார்கள். ஒரு மூலையில் தமிழ்ப்பட வீடியோ கசட்டுகளை வாடகைக்குக் கொடுத்தார்கள். நம் சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியின் ஒவ்வொரு படிப்புத் தவணை முடிவிலும் ஹில்ஸ்பரோ மண்டபத்தில் பிள்ளைகளுக்குப் படம் போடுவது அக்காவின் பொறுப்பு. முதல் வருடம் அவர் கொண்டுவந்த கசட்டின் அட்டையில் ஒரு தமிழ்க் குடும்பப் படத்தின் பெயர். உள்ளே இருந்ததோ யப்பானியப் படம். கடலுக்குள்ளிருந்து ஒரு மலை எழுந்தது. அதற்குக் கண்கள் இருந்தன. முதுகு முழுவதும் பலாப்பழத் தோல் போல முள். வானத்திலிருந்து வெள்ளி உடுப்பும், பிட்டு அவிக்கும் நீத்துப்பெட்டியைக் கவிழ்த்தது போன்ற தலைக்கவசமும் அணிந்த கூட்டம் ஒன்று பூமியைப் பிடிக்க வந்து இறங்கியது; அதை மறிக்கத்தான் அந்த மிருகம். ஒரு சொல்லும் யாருக்கும் விளங்கவில்லை. பெற்றோர்கள் பிள்ளைகளை விட்டுவிட்டுக் கடைகளுக்குப் போயிருந்தார்கள். மாற்றிப் போட வேறு கசட் இல்லை.

அக்கா எழுந்து போய்த் தொலைக்காட்சியின் சத்தத்தை முழுவதும் குறைத்தார். மண்டபத்து மைக்கை எடுத்து, தலைக்கவசக்காரனின் வாய் அசையும்போது, "டேய், இந்தப் பூமி இனி எங்களுது. எல்லாரும் வீட்டைக் காலி பண்ணுங்கடா" என்றார். பிள்ளைகள் ஒரு கணம் திகைத்துவிட்டுச் சிரித்தார்கள். மிருகம் நடக்கத் தொடங்கியபோதுதான் சிக்கல். சத்தமே இல்லாமல் அது நகரத்துக்குள் வந்தது. முன்வரிசையிலிருந்து ஒருவன் "பூனை மாதிரி நடக்குது" என்று ஆங்கிலத்தில் குறை சொன்னான். அங்கே வகுப்பு எடுக்கும் நான், பிள்ளைகளுக்குக் கொடுத்துக் காலியான பிஸ்கட் தகரத்தைக் கையில் வைத்துக்கொண்டு சுவரோரம் நின்றிருந்தேன். அக்கா மைக்கைப் பொத்திக்கொண்டு, "என்ன பார்க்கிறீர், பிள்ளை? அடியும்" என்றார்.

அன்றிலிருந்து அவர் குரல்; தகரத்தில் தட்டி நான் காலடி. வேறு படம் கொண்டுவந்தால் பிள்ளைகள் விடவில்லை. ஒவ்வொரு தவணையும் அதே கசட், ஒவ்வொரு முறையும் வேறு வசனம். எங்கள் குடும்பத்தில் பல்கலைக்கழகத்துக்குப் போன முதல் ஆள் நான். பட்டமளிப்பு விழாவில் அப்பாவும் அம்மாவும் எங்கே உட்காருவது, எப்போது கைதட்டுவது என்று தெரியாமல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அந்தப் பட்டத்தை மற்றவர்களிடம் எப்படிச் சொல்வதென்று எனக்கும் தெரியாது. அக்காதான் புதியவர்களிடம், "இவ சயன்ஸ் டிகிரி. எங்கட படத்தில காலடியும் இவதான்" என்று இரண்டையும் ஒரே பெருமையோடு சொல்லுவார். நான் பயந்து பயந்து அடித்த நாட்களில் அவர் சொன்னது இது: "சத்தம் பெரிசா இருக்கத் தேவையில்லை, பிள்ளை. நேரத்துக்கு வந்தாக் காணும்."

மேல்வகுப்பு எடுக்கும் கோபால் சார் மதுரைக்காரர். ஒருநாள் இடைவேளையில் அக்காவைப் பிடித்துக்கொண்டார்.

"ஏங்க, அந்த வில்லனுங்க மட்டும் எங்க ஊர்த் தமிழ் பேசுறாங்க. மிருகம் யாழ்ப்பாணத் தமிழ் பேசுது. இது என்னங்க நியாயம்?"

"ஓம் சார், பிழைதான். மாத்திவிடுறன்."

அடுத்த தவணை மிருகம் மதுரைத் தமிழில் உறுமியது. தலைக்கவசக் கூட்டத்தின் தலைவன், கணக்குப் பாடம் எடுக்கும் யாழ்ப்பாண வாத்தியார் மாதிரி, "எத்தினை தரம் சொல்லித் தந்தனான், ஒரு பூமியைப் பிடிக்கத் தெரியாதே உங்களுக்கு?" என்று தன் ஆட்களைத் திட்டினான். கோபால் சார் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்ததை நீங்களும் பார்த்திருப்பீர்கள்.

ஆனால் நான் அதிகம் நினைத்துப் பார்ப்பது வேறொரு சனிக்கிழமையை. அந்த வாரம் பஸ் தரிப்பில் யாரோ ஒருவர் நிலாவையும் அவள் அம்மாவையும் பார்த்து, வந்த இடத்துக்கே திரும்பிப் போகும்படி கத்தியிருக்கிறார். நிலாவுக்கு அப்போது ஏழு வயது. படத்தில் வானக்கப்பல் இறங்கும் இடத்தில் அவள் எழுந்து நின்று, ஆங்கிலத்தில்தான், கேட்டாள்: "அன்ரி, நாங்களும் வெளியிலிருந்துதானே வந்தோம்? அப்படியென்றால் நாங்கள் அந்தப் பக்கமா?"

அக்கா என்னைப் படத்தை நிறுத்தச் சொன்னார். யாரும் சிரிக்கவில்லை. பின்னால் நின்ற பெற்றோர்கள் தரையைப் பார்த்தார்கள்.

"அவங்கள் கேட்டோ வந்தவங்கள்?" என்றார் அக்கா.

நிலா இல்லையென்று தலையாட்டினாள்.

"உன்ர அப்பா கேட்டுத்தான் வந்தவர். விசாவுக்கு எத்தினை நாள் லைன்ல நிண்டவர் எண்டு அவரிட்டயே கேள். வந்து ஆரின்ர வீட்டையாவது உடைச்சவரோ?"

"இல்லை." இது தமிழில் வந்தது.

"உன்ர வீடு எங்க?"

"ஏவன்டேல்."

"அப்ப அவங்கள் ஏவன்டேலுக்கு வந்தா நீயும் சேர்ந்துதான் மறிக்க வேணும். பிள்ளை, படத்தைப் போடும்."

படம் ஓடியது. மிருகம் கடலிலிருந்து எழுந்து கரைக்கு வந்தபோது அக்கா மறுபடி நிறுத்தச் சொன்னார். ஒரு கால் தூக்கியபடி அது திரையில் நின்றது. மைக்கில், அதுவரை நாங்கள் கேட்டிராத மெல்லிய குரலில், "நானும் தூரத்திலயிருந்து வந்தனான். உள்ள வரலாமோ?" என்றார். பிறகு நிலா, "வாங்கோ" என்றாள். அடுத்த கணம் மண்டபம் முழுவதும் "வாங்கோ" என்றது. வகுப்பில் ஒரு தமிழ்ச் சொல்லுக்காக நாங்கள் கெஞ்சும் பிள்ளைகள் அவர்கள். அதன்பிறகு அந்த இடத்தில் நிறுத்தாமல் நாம் அந்தப் படத்தைப் பார்த்ததே இல்லை.

சத்திரசிகிச்சைக்கு முன் ஆஸ்பத்திரியில் அவரைப் பார்த்தேன். தவணை முடிவுக்குள் எழும்பி வந்துவிடுவீர்கள் என்றேன். "வராட்டி என்ன, படம் அங்கதானே இருக்கு" என்றார். பிறகு என் கையைப் பார்த்து, "நகத்தை வெட்டும். தகரத்தில கீறுது, மைக்கில கேக்குது" என்றார். அவர் என்னிடம் கடைசியாகச் சொன்னது அதுதான்.

மரியாதைக்காக இந்தத் தவணை படம் வேண்டாம் என்று நிர்வாகக் குழு யோசிப்பதாக அறிந்தேன். அந்த எண்ணத்தின் அன்பு எனக்குப் புரிகிறது. ஆனால் செத்தவீட்டில் நிலா என் சேலையைப் பிடித்து இழுத்து, "இனி 'வரலாமோ' எண்டு ஆர் கேக்கிறது?" என்றாள். தகரத்தை மட்டும் கடையிலிருந்து எடுத்துக்கொண்டு வந்தேன். நாலு வருடம் அடித்ததில் அதன் அடிப்பக்கம் குழிந்திருக்கிறது. அவரிடமிருந்து எனக்கென்று இருப்பது அந்தக் குழியும், நேரத்துக்கு வந்தால் போதும் என்ற சொல்லும்தான்.

ஆகவே கேட்கிறேன். படத்தை நிறுத்த வேண்டாம். தகரத்தை உங்களில் ஒருவர் வாங்கிக்கொள்ளுங்கள். மைக்கை என்னிடம் தாருங்கள். என் குரல் சிறியது. இம்முறை மிருகமும் கொஞ்சம் சிறியதாகத்தான் இருக்கும். அது கரையில் ஒரு காலைத் தூக்கிக்கொண்டு நின்று கேட்கும்போது, பிள்ளைகளோடு சேர்ந்து, பின்வரிசையில் நிற்கும் நீங்களும் "வாங்கோ" என்று சொல்ல வேண்டும்.