உம் கொட்டிய கேமரா

கியோட்டோவில் கேமரா தூக்கியவர்கள் எல்லாரும் செர்ரிப் பூவுக்கும் திருவிழாத் தேருக்கும் பின்னால் ஓடிக்கொண்டிருந்த எழுபதுகளில், கயானோ செட்சுவுக்கு மட்டும் வேறு ஆசை. ஒரு மனிதர் யோசிப்பதைப் படம் பிடிக்க வேண்டும். அகராதி தொகுக்கிறவர், கிரகணம் கணிக்கிறவர் என்றால் போதும், சோறு தண்ணீர் மறந்துவிடுவாள்.

"பூ அசையும், தேர் அசையும். உன் ஆளுங்க என்னத்தம்மா அசைப்பாங்க?" என்று கேட்பார் இயக்குநர் நுமதா.

"புருவத்த அசைப்பாங்க, நுமதா சான்."

பல வருடம் விளக்குப் பெட்டி சுமந்த பிறகு, ஒரு குளிர்காலத்தில் கேமரா அவள் தோளுக்கு வந்தது. கயிற்று முடிச்சுகளையே வாழ்நாளெல்லாம் ஆராய்ந்த கணிதப் பேராசிரியர் மிபுவைப் பற்றிய ஆவணப்படம். இதில் சொதப்பினால் மறுபடி பெட்டிதான்.

பேராசிரியர் கரும்பலகை முன் நின்று பேச ஆரம்பித்தார். இரண்டு வாக்கியம் தாண்டவில்லை, நின்றுவிட்டார். "என்ன, எல்லாரும் வீட்டுக்குப் போயிட்டீங்களா?"

அவர் மேல் குற்றமில்லை. எதிரில் யாராவது உம் கொட்டாமல் அந்த ஊரில் யாருக்குப் பேச்சு வரும்? ஒலிப்பதிவாளரோ, மூச்சுக்கூட விடக்கூடாது என்று கறாராகச் சொல்லியிருந்தார். செட்சு வேறு வழியில்லாமல், வாயைத் திறக்காமல் தலையை மட்டும் ஆட்டினாள். பேராசிரியர் முகம் மலர்ந்தது. அப்புறம் மடை திறந்த வெள்ளம்தான்.

கண்ணைக் கேமராவில் ஒட்டிவைத்துக்கொண்டு தலையாட்டினால் என்ன ஆகும் என்பது, ஃபிலிமைக் கழுவித் திரையில் போட்டபோதுதான் தெரிந்தது. பேராசிரியரும் கரும்பலகையும் சேர்ந்து மேலும் கீழும் குதித்தார்கள்.

"நிலநடுக்கமா?" என்றார் நுமதா. "உங்கப்பா போன்ல பேசுறப்பவே குனிஞ்சு குனிஞ்சு கும்பிடுவாராமே. ரத்தம் எங்க போகும்? நாளைக்கு ஸ்டாண்டோட வேற கேமராமேன் வருவான். நீ விளக்கப் பாத்துக்க."

அப்போது பின்வரிசையிலிருந்து ஒரு குரல். சூத்திரம் சரியாகத் தெரிகிறதா என்று பார்க்க வந்திருந்த மிபு அது.

"கொஞ்சம் நிறுத்துங்க. இந்த இடத்துல மட்டும் படம் ஏன் ஆடல?"

முனை சேர்த்த ஒரே கயிற்றில் விழுந்த முடிச்சை, இன்னொரு முடிச்சு போட்டு இல்லாமல் செய்ய முடியாது என்று அவர் நிறுவிய இடம் அது.

"அங்க எனக்குப் புரியல, சென்செய்" என்றாள் செட்சு, வாத்தியாரிடம் மாட்டிக்கொண்ட மாணவிபோலத் தரையைப் பார்த்தபடி.

மிபு தொடையில் தட்டிச் சிரித்தார். "என் பசங்க எல்லாம் சரியா அந்த இடத்துலதான் பலமா தலையாட்டுவானுங்க! நானும் நம்பி அடுத்ததுக்குப் போயிடுவேன். நுமதா சான், அத நான் திருப்பிச் சொல்லணும். வேற ஆள் வேண்டாம். அவனும் தலையாட்டுவான், ஸ்டாண்ட் ஆடாது. அப்புறம் புரிஞ்சுதா இல்லையான்னு எனக்கு எப்படித் தெரியும்?"

"படம் ஆடுமே, சென்செய்..."

"ஆடட்டுமே."

மறுநாள் அவர் சுண்ணக்கட்டியைத் தொடவில்லை. சாப்பாட்டு மூட்டையின் கயிற்றை உருவி முடிச்சுப் போட்டு, இழுத்து, பொறுமையாகச் சொன்னார். கேமரா வெகுநேரம் அசையவில்லை. பிறகு மெல்ல ஒருமுறை தாழ்ந்து நிமிர்ந்தது. அதைப் பார்த்ததும் அவர் பேச்சை நிறுத்திவிட்டு, மூட்டைக்குள் இருந்த கானாங்கெளுத்தி மீன் சுஷியை எடுத்துத் தின்ன ஆரம்பித்தார். நுமதா அதையும் வெட்டவில்லை.

மிபு போய்ச் சேர்ந்து வெகுகாலமாகிறது. செட்சுவும் தோள்வலியோடு ஓய்வுபெற்றுவிட்டாள். அதற்குள் எத்தனையோ அறிஞர்கள் அவள் கேமரா முன் பேசினார்கள், ஸ்டாண்ட் மட்டும் அவளுக்குப் பழகவே இல்லை. ஒவ்வொரு வசந்தத்திலும் கணிதத் துறையில் அந்தப் படத்தைப் போடும்போது, ஆற்றங்கரைப் பூவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கடைசி வரிசையில் போய் உட்கார்ந்துகொள்வாள். படம் ஆடும் இடத்தில் எல்லாம் நரைத்த தலையும் ஆடும்.

ஒருமுறை பக்கத்தில் இருந்த மாணவி குனிந்து கேட்டாள்: "உங்களுக்கு இதெல்லாம் புரியுதா?"

"இப்ப மறந்துபோச்சும்மா" என்றாள் செட்சு. "அன்னிக்குப் புரிஞ்சுது. அதோ, பாரு."

திரையில் படம் மெல்லத் தாழ்ந்து நிமிர்ந்தது.