குன்னில்டு வீட்டு வாசலில் நின்ற மாடுகள்

எங்கள் ஆல்டன்மியரில் குன்னில்டு சிரித்தால் மடத்துக் கோபுரத்துக் காக்கைகள் கிளம்பிப் பறக்கும் என்பார்கள். நான் அவளுக்குப் பக்கத்து வீட்டுக்காரி, பெயர் ஹாவிஸ். காக்கைகளைப் பற்றி எனக்குத் தெரியாது. ஆனால் சுவருக்கு அந்தப் பக்கம் அவள் சிரித்து, இந்தப் பக்கம் என் மடியில் தூங்கிக்கொண்டிருந்த குழந்தை அலறி எழுந்ததெல்லாம் உண்டு.

மடத்துக்கு ஏறும் செங்குத்துத் தெருவில், பாதி மேட்டில் அவள் வீடு. பார்லியை ஊறவைத்து, முளைகட்டி, பீர் காய்ச்சுவாள். புதுப் பீர் தயாரானால் வாசலில் ஒரு கம்பை நீட்டி அதன் நுனியில் தழைக்கொத்தைக் கட்டிவிடுவாள். அதைப் பார்த்ததும் ஊரே தாகம் எடுத்துக்கொண்டு வந்து சேரும். அவள் புருஷன் சிவார்டு கூரை வேய்கிறவன். அந்த வீட்டில் பேச்செல்லாம் அவளுடையது. அவன் தலையாட்டுவதோடு சரி.

அவர்களுக்கு ஒரே மகள், அவிஸ். அவள் நடக்கப் பழகி ஓடித் திரிந்த வயதில், ஆறு பெருகி வடிந்த பிறகு வந்த காய்ச்சல் அவளையும் பிடித்தது. குழந்தை கண் திறக்கவில்லை. குன்னில்டு நூலை எடுத்து, மகளின் உச்சந்தலையிலிருந்து உள்ளங்கால் வரை அளந்து, அந்த நூலை மெழுகில் தோய்த்துத் தோய்த்து மெழுகுவத்தியாக்கிச் சுருட்டி வைத்துவிட்டு, மடத்துக் கோயில் பேழையில் எலும்புகளாக இருக்கும் எங்கள் புனிதரை நோக்கிக் கைகூப்பினாள்.

"வுல்ஃபின் சாமி, எம் பொண்ணைப் பொழைக்க வையுங்க. இதை என் கையாலயே உங்க பேழை மேல கொண்டாந்து வைக்கிறேன்" என்று வேண்டிக்கொண்டாள். நான் பக்கத்தில்தான் இருந்தேன்.

மறுநாள் விடிந்ததும் அவிஸ் கண் விழித்து, விலாங்கு மீன் வேண்டும் என்றாள். குன்னில்டு அழுதுகொண்டே சிரித்தாள்.

நேர்த்திக்கடன் செலுத்தப் போனபோதுதான் வினை. எங்கள் மடத்துக் கோயிலில் தரையின் குறுக்கே கறுப்புக் கல்லால் ஒரு கோடு பதித்திருக்கிறது. பெண்கள் அதைத் தாண்டக் கூடாது. புனித வுல்ஃபினோ அந்தக் கோட்டுக்கு வெகு தொலைவில், பீடத்துக்குப் பின்னால் பேழையில் இருக்கிறார். பேழையைக் காவல் காக்கும் துறவி ஹாமோ, ஒட்டடைக்கம்பு மாதிரி உயரமாக, கோட்டுக்கு அந்தப் பக்கம் நின்றார்.

"அங்கேயே நில்லு தாயே."

"சாமி, எம் பொண்ணு பொழைச்சிட்டா. இதை வச்சிட்டு ஓடியாந்துடறேன்."

"குடு, நான் வைக்கிறேன்."

"உங்க கையால வைக்கிறேன்னா வேண்டிக்கிட்டேன்? என் கையாலன்னு வாக்குக் குடுத்திருக்கேன். நாளைக்குப் புனிதர் கேட்டா உங்களையா கேப்பாரு?"

"அவர் குகையில தனியாத் தவம் இருந்தவர். பொம்பளைங்க சத்தம் அவருக்கு ஆகாது."

"ஏன், அவரைப் பெத்தவ ஊமையா?"

கோயிலில் நின்றிருந்தவர்கள் எல்லாம் சிரித்துவிட்டார்கள். ஹாமோ சட்டென்று திரும்பி இருமினார். இருமல் இல்லை அது. அவர் தோள் குலுங்கியதை நான் பார்த்தேன்.

குன்னில்டு மெழுகுவத்தியை வீட்டுக்குக் கொண்டுவந்து, உத்தரத்தில் வெங்காயச் சரங்களுக்கு நடுவே தொங்கவிட்டாள். அதன்பின் ஒவ்வொரு வருடமும் புனிதரின் திருநாளன்று அதை எடுத்துக்கொண்டு போவாள். கோட்டருகே நின்று ஹாமோவோடு வாதாடுவாள். திரும்பக் கொண்டுவந்து மாட்டுவாள். ஒரு குளிர்காலத்தில் ஹாமோவுக்கு நெஞ்சுச்சளி கட்டிக்கொண்டது என்று கேள்விப்பட்டு, பீரைத் தேன் விட்டுக் காய்ச்சி மடத்து வாசலில் கொடுத்தனுப்பினாள்.

"எதுக்குடி அந்த மனுஷனுக்கு?" என்றேன்.

"அவரு போய்ச் சேந்துட்டா, வர்ற புது ஆளுக்கு ஆரம்பத்துலேர்ந்து எல்லாத்தையும் சொல்லணுமேடி" என்றாள்.

இதற்கிடையில் மடத்தார் கோயிலின் கிழக்குப் பக்கத்தைப் பெரிதாக்கிக் கட்டத் தொடங்கியிருந்தார்கள். கல் ஏற்றிய வண்டிகள் எங்கள் தெரு வழியாகத்தான் மேலே போகும். ஓர்ம் என்கிற வண்டிக்காரன் கல்லை இறக்கிவிட்டுத் திரும்பும்போதெல்லாம் குன்னில்டு வீட்டில் நிறுத்துவான். அவனுக்கு ஒரு கிண்ணம் பீர். அவன் மாடுகளுக்கு, பீர் வடித்த பார்லிச் சக்கை. வாசலோரம் சிவார்டு குடைந்து வைத்த மரத்தொட்டியில் அதைக் கொட்டுவாள். மாடுகள் மூக்கு முழுக முழுகத் தின்னும்.

கட்டடம் முடிந்தது. வுல்ஃபினைப் புது இடத்தில் அமர்த்தும் முன் ஊரைச் சுற்றி ஊர்வலமாக எடுத்துவருவது என்று முடிவானது. அவ்வளவு கனமான பேழையை அந்த மேட்டில் இழுக்க ஓர்மின் மாடுகளை விட்டால் வேறு ஏது? கொம்புகளுக்குப் பூமாலை சுற்றி, வண்டிக்குச் சிவப்புத் துணி விரித்துக் கொண்டுவந்தார்கள். முன்னால் சிலுவை, பாடிக்கொண்டு துறவிகள், வெறுங்காலோடு மடாதிபதி. மணிகள் அத்தனையும் ஒலித்தன. சுற்று வட்டாரமே எங்கள் தெருவில் நின்றது.

சரியாகக் குன்னில்டு வீட்டு வாசலில் மாடுகள் நின்றுவிட்டன.

ஓர்ம் அதட்டினான், கெஞ்சினான், தார்க்குச்சியால் குத்தினான். அசையவில்லை. பாட்டு நின்றது. "புனிதர் நகர மாட்டேங்கிறாரு! அற்புதம்!" என்று யாரோ கத்த, ஜனங்கள் தெருவிலேயே மண்டியிட்டார்கள். நானும்தான்.

குன்னில்டு மட்டும் கதவருகே முகம் சிவக்க நின்றாள். பேசாமல் இருந்திருக்கலாம். அவளால் முடியுமா?

"எந்திரிங்க எல்லாரும்! அற்புதமும் இல்ல ஒண்ணும் இல்ல. திருநாளுக்குன்னு காலையில பீர் காய்ச்சினேன். சக்கையைச் சூடா தொட்டியில கொட்டி வச்சிருக்கேன். அந்த வாசனைக்குத்தான் ரெண்டும் நிக்குது. டேய் ஓர்ம், நீயாவது சொல்லேன்டா!"

ஓர்ம் வானத்தைப் பார்த்தான்.

மடாதிபதி தொட்டியைப் பார்த்தார், மாடுகளைப் பார்த்தார். பிறகு வயிறு குலுங்கச் சிரிக்க ஆரம்பித்துவிட்டார். அப்போது ஹாமோ வரிசையிலிருந்து விலகி வந்தார். தலை முழுக்க நரைத்திருந்தது.

"மாடு சக்கைக்கு நின்னுச்சோ, வுல்ஃபின் உனக்காக நிறுத்தினாரோ, எனக்குத் தெரியாது" என்றார். "ஆனா இந்தத் தெருவுல கோடு ஒண்ணும் இல்ல. அது நல்லாத் தெரியும். எங்கே அந்த மெழுகுவத்தி?"

மடாதிபதி தலையசைத்தார்.

குன்னில்டு ஈரக் கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டாள். பிறகு உள்ளே ஓடினாள். வெளியே வந்தபோது கையில் அந்தச் சுருள். புகையேறிப் பழுப்பாகி, வெங்காய வாசனையோடு. அம்மாவைவிட உயரமாக வளர்ந்திருந்த அவிஸ் ஒரு காலி மரவாளியைக் கவிழ்த்துப் போட்டு அவளை ஏற்றிவிட்டாள். குன்னில்டு மெழுகுவத்தியைப் பேழை மேல் வைத்து, இரண்டு உள்ளங்கைகளையும் அதன் மேல் பதித்தாள். அவள் முணுமுணுத்தது எனக்குக் கேட்டது.

"ரொம்ப நாளாயிடுச்சு, மன்னிச்சுக்குங்க. எம் மேல தப்பில்ல. இவதான் அவிஸ். நல்லாப் பாத்துக்குங்க."

இறங்கியதும் என்னைக் கட்டிக்கொண்டு குலுங்கினாள். அழுகையா சிரிப்பா என்று தெரியவில்லை. அதற்குப் பிறகு எங்களை யார் நிறுத்த முடியும்? தெருவில் இருந்த பெண்கள் எல்லோரும் வண்டியைச் சூழ்ந்துகொண்டோம். கிழவிகள் பேழையை முத்தமிட்டார்கள், தாய்மார்கள் பிள்ளைகளைத் தூக்கித் தொடவைத்தார்கள். நான் என் தலைத்துணியின் ஓரத்தை அதில் ஒற்றி எடுத்தேன். ஹாமோ ஒருத்தரையும் தடுக்கவில்லை. கைத்தாங்கலாகப் பிடித்துக் கிழவிகளை ஏற்றிவிட்டவரே அவர்தான்.

மாடுகள் அப்போதும் நகரவில்லை. கடைசியில் மடாதிபதியே குன்னில்டிடம், "அதுங்க சாப்பிடட்டும்மா, அவிழ்த்து விடச் சொல்லு" என்றார். மாடுகள் தொட்டியில் மூக்கை விட்டன. நாங்கள் பெண்கள் வண்டியில் கயிற்றைக் கட்டிப் பிடித்து இழுத்தோம். அந்த மேட்டில், வியர்வை வழிய, துறவிகளின் பாட்டுக்கு மேலே குன்னில்டின் குரல் கேட்க, வுல்ஃபினைக் கோயில் வாசல் வரை கொண்டுபோய்ச் சேர்த்தோம். அன்று அவள் பீரை ஊருக்கே ஊற்றினாள். பானையில் சொட்டு மிஞ்சவில்லை.

அதன்பின் யாத்திரிகர்கள் எங்கள் தெருவிலும் நின்று போக ஆரம்பித்தார்கள். அவள் ஒவ்வொருவரிடமும் சக்கையின் கதையை உள்ளபடி சொல்வாள். நம்புகிறவர்கள் யாரும் இல்லை. புனிதர் தங்கிய இடம் என்று சொல்லி, மரத்தொட்டியைச் சுரண்டிச் சீவல் எடுத்துப் போகிறார்கள். பல்வலிக்குக் கேட்கிறதாம். முதல் தொட்டி இப்படியே ஓட்டையாகிப் போனது. அடுத்ததும் போனது.

போன வாரம் தொலைவிலிருந்து வந்த ஒரு கிழவர் கத்தியோடு தொட்டியருகே குனிந்தார். குன்னில்டு அகப்பையோடு ஓடினாள்.

"பெரியவரே, அது மாடு திங்கிற தொட்டி!"

"தெரியும் தாயி. என் பல்லுக்கு ஒரு சின்னத் துண்டு போதும்."

அவள் இடுப்பில் கை வைத்துக்கொண்டு பார்த்தாள். பிறகு அவரைப் பெஞ்சில் உட்காரவைத்து, கிண்ணம் நிறையப் பீர் ஊற்றிக் கொடுத்துவிட்டு, சீவலை அவளே வெட்டித் தந்தாள். கூரைமேல் வேலையாக இருந்த சிவார்டு அதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தான். அன்றைக்கு அவன் பேசிய ஒரே பேச்சு இதுதான்:

"அடுத்ததைக் கல்லுல செஞ்சிடறேன்."