புத்தகத்தில் இல்லாத இன்ஜின்

மாட்ரிட்டில் படம் விட்டு வெளியே வருகிறவர்கள் வாசலிலேயே நின்று சண்டை போடுகிறார்கள். படம் நன்றாக இருந்ததா என்பதல்ல சண்டை. நாவலில் நாயகி ஊரைவிட்டுப் போகவில்லையே, படத்தில் ஏன் போனாள் என்பதுதான். இங்கே நிறையப் படங்கள் நாவல்களிலிருந்து எடுக்கப்படுகின்றன. பலர் புத்தகத்தைப் படித்துவிட்டே அரங்குக்கு வருகிறார்கள். செஞ்சிக்காரியான எனக்கு இது புதிது. எங்கள் ஊர்க் கூத்தில் பழைய கதைக்குள் செஞ்சிக் கோட்டையே வந்து நிற்கும். மேல்மலையனூர் அமாவாசை பஸ்ஸில் தொங்கிக்கொண்டு வந்த கஷ்டத்தைக் கட்டியங்காரன் நடுவில் புகுந்து சொல்வான். மூலக்கதையில் இது உண்டா என்று யாரும் கேட்டதில்லை.

ஒலிப்பொறியாளராக எனக்குக் கிடைத்த முதல் படமும் ஒரு நாவல்தான். கணவனை இழந்தவள் சூரியகாந்தி வயலில் தனியே நிற்கிறாள். அவள் மனத்தில் ஓடுவதுதான் கடைசி மூன்று பக்கங்கள். அதைத் திரையில் எப்படிக் கொடுப்பது? பின்னணிக் குரல், இசை, மௌனம் என்று மூன்றையும் போட்டுப் பார்த்தோம். எதுவும் ஒட்டவில்லை.

ஊரில் எங்கள் வயலான கொல்லியில் தண்ணீர் இறைக்கும் ஆயில் இன்ஜின் ஓடும்வரை வேறெதுவும் காதில் விழாது. டீசல் தீர்ந்து அது நின்றதும் காக்கை கத்துவதுகூடப் பெரிதாகக் கேட்கும். உடனே டீசல் கேனோடு என் அப்பா, நைனா, ஓடுவார். ஓட ஆளில்லாவிட்டால்? அன்றே நைனாவுக்குப் போன் செய்து, டீசல் தீர்ந்து நிற்கும்வரை இன்ஜினை ஓடவிட்டுப் பதிவு செய்து அனுப்பச் சொன்னேன்.

"இன்னாத்துக்கும்மா? கொல்லியில தண்ணி நிக்குது!"

"சினிமாவுக்கு நைனா."

"ஏம்மா, அந்த ஊர்ல ஒரு இன்ஜின்கூடவா இல்ல?"

நாவலின் உரிமை எழுத்தாளரின் மகள் பிலாரிடம் இருந்தது. அவர் மறுத்தால் மூன்று பக்கங்களையும் ஒரு குரல் வாசிக்கும். என் முதல் வேலை அதோடு போய்விடும். "அப்பாவின் புத்தகத்தில் இன்ஜினே கிடையாதே," என்றபடிதான் உட்கார்ந்தார். காட்சியைப் போட்டுக் காட்டினேன். இன்ஜின் திணறி நின்றது.

"பழுதா?" என்றார்.

"இல்லை, டீசல் தீர்ந்துவிட்டது."

திரையில் அவள் திரும்பி வீட்டைப் பார்த்தாள். யாரும் வரவில்லை.

"ஊற்ற இனி ஆள் இல்லை, அப்படித்தானே?" என்றார் பிலார். "சரி, இருக்கட்டும்."

படம் வெளியான அன்று வாசலில் வழக்கம்போலச் சண்டை: "நாவலில் இன்ஜின் ஏது?" முதல்முறையாக அந்தச் சண்டையில் எனக்கும் ஒரு பங்கு இருந்தது. அந்தக் காட்சியை நைனாவுக்கு அனுப்பினேன். ஸ்பெயினின் காஸ்தீயா பகுதியில், மஞ்சள் சூரியகாந்தி வயல் நடுவே எங்கள் இன்ஜின் ஓடிக்கொண்டிருந்தது.

"சத்தம் நம்முளுதுதான்," என்றார். "தண்ணிய எவன் கொல்லிக்கும்மா பாய்ச்சிக்கினு இருக்குற?"