குவாரி முதலாளி கொடுத்த மஞ்சள் சட்டை

ஓணத்துக்கு எங்கள் ஊரில் பெண்களுக்கும் வடம் இழுக்கும் போட்டி உண்டு. எங்கள் அணியில் நான் கடைசி ஆள். வடத்தை உடம்பில் சுற்றிக் காலை ஊன்றிவிட்டால் என்னை அசைக்க ஒரு லாரி வேண்டும். இதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

வெட்கம் வேறொன்றில்.

ஊர்க் குன்றில் பாறைக் குவாரி. தினமும் மூன்று மணிக்கு வெடி. அலமாரியில் பாத்திரங்கள் குலுங்கும். என் வீட்டுச் சுவர் விரிசல் விட்டது. பக்கத்து வீட்டுக்காரியின் சுவரிலோ கையையே நுழைக்கலாம். சத்தம் அடங்கியதும் வேலிக்கு அப்பாலிருந்து, "அக்கா, அங்க ஒண்ணும் விழல்லையே?" என்று கேட்பாள். குவாரியை மூடச் சொல்லிக் கொடுத்த புகார் மனுவில் இருவரும் சேர்ந்துதான் கையெழுத்துப் போட்டோம்.

அந்த ஓணத்துக்குக் குவாரி முதலாளி எங்கள் அணிக்கு மஞ்சள் சட்டை கொடுத்தார், முதுகில் குவாரியின் பெயரோடு. அதுவரை புருஷன்மாரின் பழைய சட்டையைப் போட்டு இழுத்தவர்கள் நாங்கள். எனக்கு ஆசை வந்துவிட்டது.

அணியில் பக்கத்து வீட்டுக்காரியும் உண்டு. அவள் மட்டும் சட்டையைத் தொடவில்லை.

"அவனுக்க சட்டைய போட்டா நாம அவனுக்க ஆளாக்கும். நான் வரல்லக்கா."

"துணிதானே மக்கா? நீ ஒருத்தி!" என்று கிண்டல் செய்தேன். அவள் இடத்துக்கு வேறொருத்தியைச் சேர்த்தோம்.

காஞ்சிரங்குளம் அணியைச் சாய்த்தோம். பரிசு வழக்கம்போல ஓர் ஏத்தன் வாழைக்குலை. முதலாளியே அதை என் தோளில் ஏற்றிவைக்க, போட்டோ எடுத்தார்கள். ஜெயித்த குலையைச் சீப்புச் சீப்பாய் அறுத்து வீட்டுக்கு வீடு கொடுப்பது எங்கள் பழக்கம். அவள் வீட்டுக்கும் கொண்டுபோனேன். பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

அடுத்த மாதம் மனு விசாரணைக்கு வந்தது. குவாரியின் வக்கீல் அந்தப் போட்டோவை நீட்டினார். மஞ்சள் சட்டையில், குலையோடு, பல்லெல்லாம் தெரிய நான். புகார் கொடுத்தவரே எங்கள் சட்டையைப் போட்டிருக்கிறார், ஊரே எங்கள் பழத்தைத் தின்றிருக்கிறது, இந்த ஒரு பெண்ணுக்குத்தான் குறை என்று அவளைக் காட்டினார். விரிசல் உண்மையென்றால் சட்டையை ஏன் போட்டீர்கள் என்று அதிகாரி என்னிடம் மலையாளத்தில் கேட்டார்.

"நல்ல சட்டை போட்டு ஜெயிக்கணும்னு ஆசை சாரே" என்றேன். சிலர் சிரித்தார்கள். அவள் தலைகுனிந்து உட்கார்ந்திருந்தாள். எனக்குச் செத்துவிடலாம் போலிருந்தது.

குவாரிக்கு அனுமதியை நீட்டித்தார்கள். இன்றும் மூன்று மணிக்கு வெடிக்கிறது. பாத்திரங்கள் அடங்கியதும் நான் வேலியோரம் போய், "மக்கா, அங்க ஒண்ணும் விழல்லையே?" என்று கேட்கிறேன்.

அவள் அங்கேதான் துணி காயப்போட்டுக்கொண்டிருப்பாள். பதில் சொல்வதில்லை.